ஊதுபத்தி அணையும் முன்னே

பதினாறு வருஷமாக வண்டியின் பின்சீட்டில் ஆள் ஏற்றி ஊர் காட்டுகிறேன். எந்த அரசன் எந்தச் சமாதியில் கிடக்கிறான் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். பின்னால் உட்கார்ந்து என் தோளிலேயே வாந்தி எடுத்தவர்களைப் பார்த்தாயிற்று. சமாதி வாசலில் நின்றுகொண்டு "இங்கே வைஃபை உண்டா?" என்று கேட்டவர்களையும் பார்த்தாயிற்று. கோபம் வராத தொழில் இல்லை இது. ஆனால் அன்றைக்கு வந்த கோபம் மட்டும் இன்னும் இறங்கவில்லை. இறக்கிவைக்க இடமும் தெரியவில்லை.

அன்று சந்திரக் கணக்கில் ஐந்தாம் மாதம் இருபத்து மூன்றாம் நாள். எங்கள் பழைய ராஜநகரம் ஹுவே முழுக்க, செத்தவர்களுக்காக வாசலில் படையல் மேசை போடும் நாள். அந்நியப் படையிடம் கோட்டை விழுந்த அன்று, தப்பி ஓடும் நெரிசலில் மிதிபட்டுச் செத்தவர்களுக்காக என்று ஆரம்பித்தது. இப்போது ஆற்றோடு போனவர்கள், சண்டையில் போனவர்கள், பெயரே தெரியாதவர்கள் எல்லோருக்கும் சேர்த்துத்தான். கஞ்சி, அவித்த சர்க்கரைவள்ளிக்கிழங்கு, பொரி, அரிசி, உப்பு, காகிதத் துணிமணி. மேசைக்குப் பக்கத்தில் விறகு மூட்டி நெருப்பு. தண்ணீரில் செத்தவர்கள் குளிரோடு வருவார்கள், காய வேண்டுமல்லவா? கொளுத்துகிற வெயிலில் நெருப்பா என்று சிரிக்கிறவன் எங்கள் ஊர்க்காரனாக இருக்க முடியாது.

ஆற்று வளைவில், பம்பளிமாஸ் தோட்டங்களுக்கு நடுவே இருக்கிற எங்கள் கிராமத்தில் திங் அத்தை போடும் மேசையில் இன்னொன்றும் இருக்கும். ஒரு கிண்ணம் மக்காச்சோளப் பாயசம். அது அத்தையின் மகள் ஓவானுக்கு. தொண்ணூற்றொன்பது வெள்ளத்தில் போனவள். உடல் கிடைக்கவில்லை. பள்ளிக்கூடத்தில் என் பக்கத்தில் உட்கார்ந்தவள், என் பென்சிலைக் கடித்தே தீர்த்தவள். ஒவ்வொரு வருஷமும் அத்தை எனக்கும் ஒரு ஊதுபத்தி தருவாள், நானும் கொளுத்தி நடுவேன். பத்தி அடிவரை எரிந்து அணைந்த பிறகு, மேசையில் இருப்பதை அக்கம்பக்கத்துக்குக் கொடுத்துவிட்டு, அந்தக் கிண்ணத்தை மட்டும் என் கையில் வைப்பாள். ஒரு வார்த்தை பேசமாட்டாள். நானும் பேசாமல் குடிப்பேன். இருபத்தைந்து வருஷமாக அப்படித்தான். எனக்கு அதைவிடப் பெரிய மரியாதை யாரும் செய்ததில்லை.

அத்தையின் தோட்டத்தில்தான் எங்கள் வண்டிகள் இளைப்பாற நிற்கும். காசு வாங்கமாட்டாள். பழம் உரித்துக் கொடுப்பாள். "உன்னோட வர்றவங்க நம்ம வீட்டு விருந்தாளி" என்பாள்.

நான் வண்டி ஓட்டும் சுற்றுலாக் கம்பெனி முன்பு ஒரு உள்ளூர்க் கிழவருடையது. போன வருஷம் சைகோனிலிருந்து கியெட் என்ற ஒருவன் வந்து வாங்கினான். என்னைவிடப் பத்து வயது சின்னவன். 'சார்' என்றுதான் கூப்பிட வேண்டும். எங்களுக்கெல்லாம் ஆரஞ்சு நிறத்தில் சட்டை கொடுத்தான். மாதத்தில் ஒரே ஒரு தடவை பயணியிடம் ஒற்றை நட்சத்திர மதிப்பெண் வாங்கினாலும் சட்டையைக் கழற்றி வைத்துவிட்டுப் போக வேண்டும் என்று சட்டம் போட்டான். புதுவருஷ விருந்தில் பீர் கிளாஸோடு எங்கள் நடுவில் வந்து உட்கார்ந்து, "அக்கா, சின்ன வயசுல நீங்க பண்ண சேட்டை ஏதாவது சொல்லுங்களேன்" என்றான். என் நாக்கில் சனி உட்கார்ந்திருந்த நேரம். சொன்னேன். சிரிக்கச் சிரிக்கச் சொன்னேன்.

அதை அப்புறம் பார்க்கலாம்.

அந்த இருபத்து மூன்றாம் நாள் மதியம் இரண்டு வண்டி கிளம்பினோம். என் பின்னால் சாங் என்ற சைகோன்காரன். என்னோடு வேலை செய்யும் கான் ஓட்டிய இரண்டாவது வண்டியில் சாங்கின் தோழி, கையில் குச்சியில் மாட்டிய போன். சாங் போகிற ஊரெல்லாம் படம் பிடித்து இணையத்தில் போடுகிறவனாம். இரண்டு லட்சம் பேர் பார்க்கிறார்களாம். கியெட் மூன்று தடவை போன் செய்து, "அக்கா, இவர் நமக்கு முக்கியம். சிரிச்ச முகமா இருங்க" என்றான். சிரித்த முகத்தோடுதான் ஹெல்மெட் மாட்டினேன்.

"அக்கா, நீங்க பேசுறது பாதி புரியலையே! இது நம்ம நாட்டு பாஷைதானா?" என்றான் சாங், பாலம் தாண்டியதுமே.

"எங்க தாத்தாமாருங்க ராஜாகிட்ட பேசின பாஷை தம்பி. உங்க ஊர்ல ராஜா இல்ல, அதான் பழக்கமில்ல."

சிரித்தான். கெட்டவன் இல்லை, அதையும் சொல்லிவிட வேண்டும். கூண்டு மாதிரி கிடக்கிற பழைய அரங்கத்துக்குக் கூட்டிப்போனேன், யானையையும் புலியையும் மோதவிட்ட இடம். "புலியோட நகத்த வெட்டிட்டுதான் விடுவாங்களாமே?" என்று அவனே கேட்டான். "ஆமா, ராஜாவோட யானை தோக்கக்கூடாதில்ல" என்றேன். "அநியாயம்!" என்று கத்தினான். இவனுக்கு நியாயம் தெரிகிறதே என்று எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது.

அங்கிருந்து ஆற்றோரச் சந்து வழியே கிராமத்துக்குள் நுழைந்தோம். வாசலுக்கு வாசல் மேசை, புகை, நெருப்பு. கண் எரிந்தது. சாங் பின்னால் துள்ள ஆரம்பித்தான். "வந்துடுச்சு! வந்துடுச்சு! ஏய், எடுக்கிறியா?" என்று தோழியைப் பார்த்துக் கூவினான். படம் எடுப்பதைச் சொல்கிறான் என்று நினைத்தேன். எடுத்துவிட்டுப் போகட்டுமே.

திங் அத்தையின் வாசலில் நிறுத்தினேன். பத்தி அப்போதுதான் கால்வாசி எரிந்திருந்தது. எனக்கான பத்தியைத் தனியாக எடுத்து மேசை ஓரத்தில் வைத்துவிட்டு, அத்தை குனிந்து விறகு தள்ளிக்கொண்டிருந்தாள். "வாடி, வா. அவங்கள உள்ள உக்காரச் சொல்லு, பழம் உரிச்சு வச்சிருக்கேன்" என்றாள்.

நான் வண்டிக்கு ஸ்டாண்ட் போடத் திரும்பினேன். திரும்பின நேரம் அவ்வளவுதான். "ஹே!" என்று ஒரு கூச்சல். சாங் மேசை மேல் பாய்ந்திருந்தான். கிழங்கு உருண்டது, பொரி சிதறியது. அவன் கையில் ஓவானின் கிண்ணம். போனைப் பார்த்து, "பேயோட பங்கு இப்ப என் பங்கு!" என்று கத்திவிட்டு, ஒரே மூச்சில் பாதிப் பாயசத்தைக் குடித்துவிட்டான்.

பாய்ந்து அவன் சட்டையைப் பிடித்தேன். வாடிக்கையாளரின் சட்டை. பதினாறு வருஷத்தில் முதல் தடவை.

"கீழ வைடா! வைடா கிண்ணத்த! உனக்கு அறிவிருக்கா? பத்தி எரிஞ்சிட்டிருக்கறது கண்ணுக்குத் தெரியல?"

"என்னக்கா, எதுக்கு இப்பிடி..." அவன் மிரண்டு போனான். "எங்க ஊர்ல ஏழாம் மாசம் இப்பிடித்தானே பண்ணுவோம்? பத்தி வச்ச உடனே பாய்வோம். பிடுங்கினாதான் வீட்டுக்காரங்களுக்கு நல்லதும்பாங்க."

"உங்க ஊர்ல! இது உங்க ஊரா? இவங்க சாப்பிட்டு முடிக்கற வரைக்கும் பெத்தவ கூட பக்கத்துல போகமாட்டா. பசியோட வந்தவ வாயிலேருந்து பிடுங்கிருக்க நீ!"

கான் வந்து என் கையைப் பிடித்து இழுத்தான். தோழி போனைத் தாழ்த்திவிட்டாள். சாங் முகம் சிவந்து, தன் போனைத் தடவி எடுத்து என் மூக்குக்கு நேரே நீட்டினான். "உங்க புரோகிராம்லயே இருக்கேக்கா! நாலாவது ஐட்டம். பாருங்க. இதுக்காகத்தானே நாங்க பணம் கட்டினோம்!"

பார்த்தேன். 'நான்காவது: ஹுவே பிள்ளைகளைப் போல் படையல் பறிக்கும் விளையாட்டு. எங்கள் வழிகாட்டி மியெனின் இளமை நினைவிலிருந்து.' கீழே ஆரஞ்சுச் சட்டையில் பல்லைக் காட்டிக்கொண்டு நான்.

திங் அத்தை நிமிர்ந்து நின்றாள். கண்ணாடியைச் சட்டை நுனியில் துடைத்து மாட்டிக்கொண்டு, போனைக் கையில் வாங்கிப் படித்தாள். நிதானமாக, உதடு அசைத்துப் படித்தாள்.

"இது நீதானே?"

"நான்தான் அத்தை. ஆனா இப்பிடிச் சொல்லல. நாங்க சின்னப் புள்ளைல ஓடி ஓடிப் பொறுக்குவோமே, ஓவானும் நானும், அதச் சொன்னேன். ஆபீஸ் விருந்துல. அந்த நாய் அத எடுத்து..."

"பத்தி அணைஞ்ச பெறகுன்னு சொன்னியா?"

சொன்னேனா? ஓவான் சட்டை மடியில் பொரியை அள்ளிக்கொண்டு ஓடியதைச் சொன்னேன். அவள் வழுக்கி விழுந்து கிழங்கோடு சாணியில் புரண்டதைச் சொன்னேன், விருந்து மேசையே சிரித்தது. கைகட்டி, பத்தியையே பார்த்துக்கொண்டு, எச்சில் விழுங்கிக்கொண்டு நாங்கள் காத்திருந்த அந்த ஒரு மணி நேரத்தைச் சொன்னேனா? அதில் சிரிக்க என்ன இருக்கிறது? விட்டிருப்பேன். விட்டுவிட்டேன்.

"சொல்லலன்னு நெனைக்கிறேன் அத்தை."

அத்தை என்னைத் திட்டவில்லை. திட்டியிருக்கலாம். எரிந்துகொண்டிருந்த பத்திகளைப் பிடுங்கி நெருப்பில் போட்டாள். "மறுபடி முதல்லேருந்து வைக்கணும். பாயசம் இல்ல. போய் வாங்கிட்டு வா" என்றாள்.

ஓவானுக்கு ஆற்றுத் தீவில் விளையும் சோளத்தில் செய்த பாயசம்தான் பிடிக்கும். போக வர ஒரு மணி நேரம். வண்டியை எடுத்தேன். வழியில் போன் அடித்தது. கியெட்.

"என்னக்கா பண்ணி வச்சிருக்கீங்க? கஸ்டமர் சட்டையப் பிடிச்சீங்களாமே! லைவ்ல போயிருக்கு!"

"நாலாவது ஐட்டத்த எடுங்க சார். என் படத்தையும் எடுங்க."

"அதுதான் இப்ப நல்லாப் போயிட்டிருக்கு. மாசம் முடியற வரைக்கும் எங்கயாவது ஒரு வாசல்ல மேசை இருக்கும்ல? நாளைக்கு மட்டும் ஒன்பது பேர். நீங்க சொன்ன கதைதானேக்கா, நானா கட்டினேன்?"

"பத்தி அணையறவரைக்கும் காத்திருக்கணும்னு ஒரு வரி போடத் தெரியாதா? செத்தவங்க சாப்பாட்டுல வியாபாரம் பண்றீங்களே, வீட்ல பெத்தவங்க இல்லயா உங்களுக்கு?"

"காத்திருக்கறதுக்கு யாருக்கா காசு குடுப்பா?" என்றான். கோபமாகக்கூட இல்லை. நிஜமாகவே கேட்டான். "சட்டைய நாளைக்கு ஆபீஸ்ல குடுத்திருங்க."

"வண்டி என்னுது. சட்டைதான் உன்னுது. வந்து அவுத்துட்டுப் போ" என்று கத்திவிட்டு வைத்தேன். சிக்னலில் நின்றவர்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள்.

பாயசத்தோடு திரும்பி வந்தபோது சாங் நெருப்புக்குப் பக்கத்தில் குந்தியிருந்தான். வியர்வை ஊற்றிக்கொண்டிருந்தது. அத்தை அவனை விறகு தள்ளச் சொல்லியிருக்கிறாள். "அவங்க சோத்தச் சாப்பிட்டல்ல? அவங்க உக்கார்ற எடத்துல உக்காரு" என்றாளாம். போன் அவன் தோழியின் பைக்குள் போயிருந்தது. மேசையைத் துடைத்து, கிழங்கை மறுபடி அடுக்கியிருந்தார்கள். அடுக்கியவன் கான் என்று நினைத்தேன்; சாங்தான் என்று அப்புறம் தெரிந்தது.

அத்தை கிண்ணத்தை நிரப்பி வைத்தாள். புதுப் பத்தி கொளுத்தினாள். நான் கைகழுவிவிட்டு வந்து, வழக்கம் போல் கையை நீட்டினேன்.

அத்தை என் கையைப் பார்த்தாள். தரவில்லை.

"நீ அந்தப் பக்கம் போய் நில்லு. அவங்களோட."

மேசைக்கு இந்தப் பக்கம் வீட்டுக்காரர்கள் நிற்பார்கள். அந்தப் பக்கம் தெரு. வழிப்போக்கர்கள் நிற்கும் பக்கம். போய் நின்றேன். ஒரு மணி நேரம் நால்வரும் அசையாமல் நின்றோம். சாங் ஒரு தடவை கால் மாற்றினான், உடனே என்னைப் பார்த்து நேராக நின்றுகொண்டான். எனக்கு அழுகை வரவில்லை. கியெட்டை நினைத்து, ஆரஞ்சுச் சட்டையை நினைத்து, அந்தப் புதுவருஷ விருந்தில் வாய் பிளந்து சிரித்த என்னை நினைத்து மனசுக்குள் திட்டிக்கொண்டே நின்றேன்.

கடைசிப் பத்தி அணைந்தது. அத்தை அரிசியையும் உப்பையும் தெருவில் வீசினாள். கிழங்கைக் கானுக்குக் கொடுத்தாள், பொரியைத் தோழிக்குக் கொடுத்தாள். பாயசக் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு எங்கள் பக்கம் வந்தாள். என் கை தானாகவே பாதி உயர்ந்துவிட்டது. அவள் என்னைத் தாண்டிப் போய் சாங்கின் முன்னால் நின்றாள்.

"இப்ப குடி தம்பி. இப்பதான் குடிக்கணும்."

அவன் இரண்டு கையாலும் வாங்கினான். என்னைப் பார்த்தான், அத்தையைப் பார்த்தான். குடிக்க முடியாமல் திணறித் திணறிக் குடித்தான். கடைசிச் சொட்டு வரை அத்தை பக்கத்திலேயே நின்றாள். பிறகு கிண்ணத்தை வாங்கிக்கொண்டு, என்னைப் பார்க்காமலே கேட்டாள்:

"நாளைக்கு எத்தன பேரு?"

"ஒம்பது."

தலையாட்டினாள். உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள். அந்தக் கதவுக்குத் தாழ்ப்பாள் இருக்கிறது என்பதே எனக்கு அன்றுதான் தெரிந்தது.

மறுநாள் காலையில் கிராமத்துச் சந்து வாயில் என் வண்டியைக் குறுக்கே நிறுத்தி, மேலே ஏறி உட்கார்ந்தேன். ஒன்பது பேரோடு ஆரஞ்சுச் சட்டைகள் வந்து சேர்ந்தன. முன்னால் கான். ஹாரன் அடித்தான். "அக்கா, வழி விடுங்க, எனக்கும் புள்ளகுட்டி இருக்கு" என்றான். பின்சீட்டுக்காரர்கள் என்னைப் படம் எடுத்தார்கள். ஒருத்தி, "இதுவும் புரோகிராம்லயா?" என்று கேட்டாள்.

"ஆமா," என்றேன். "சொல்ல மறந்த ஐட்டம். இங்க காத்திருக்கணும்."