அண்ணே என்றால் மூத்தவரா?

1

நீதி என்பது மனிதகுலம் தன் கையால் ஏற்றி வைத்த அணையாவிளக்கு. அதன் ஒளியில்தான் சிறியவனும் பெரியவனும்...

[இது வேண்டாம்.]

இந்தக் கதை எனக்குக் கிடைத்தது தீர்ப்பாயக் கழிப்பறை வரிசையில். முன்னால் நின்ற வக்கீல் யாரிடமோ போனில் சொல்லிச் சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்தார். காதில் விழுந்தது பாதி. மீதி நான் போட்டது.

2

குடிநீர் வாரியத்தில் ஒரு கணக்கர். பக்கத்து மேசையில் அவருடைய சகலை. சகலை அக்காவைக் கட்டியவர், கணக்கர் தங்கையை. வேலையில் சேர்ந்தது ஒரே நாள். தேர்வில் ஒரே மதிப்பெண். இப்போது கண்காணிப்பாளர் பதவி ஒன்றே ஒன்று காலி. பணிமூப்புப் பட்டியலில் சகலை மேலே, கணக்கர் கீழே. காரணம் கேட்டால், அகர வரிசையாம்.

கணக்கருக்கு வயிறு எரிந்தது. (தீர்ப்பாயத்தில் அவர் போட்ட மனுவில் இதற்குப் பெயர் 'சமத்துவ உரிமை மீறல்'.) கண்காணிப்பாளரின் காலி அறையில் ஒரு சுழல் நாற்காலி உண்டு. மதிய வேளையில் சகலை அதில் சும்மா உட்கார்ந்து பார்ப்பதைக் கண்ணாடி வழியே பார்த்துவிட்டால், கணக்கருக்குச் சோறு இறங்காது.

"உங்கக்கா வீட்டுக்காரரு இன்னைக்கு ஒரு சுத்து சுத்திட்டாரு."

"சுத்தட்டுமே. உங்களுக்கு ஏன் தலை சுத்துது?" என்றாள் மனைவி.

3

விதி தெளிவாக இருந்தது: ஒரே நாள், ஒரே மதிப்பெண் என்றால், வயதில் பெரியவரே மூத்தவர். கணக்கர்தான் பெரியவர். அலுவலகப் பதிவேட்டிலும் அப்படித்தான் இருந்தது. ஆனால் பெண் பார்க்கப் போனபோது வயதைக் குறைத்துச் சொன்னவர், இன்றுவரை அதைத் திருத்தவில்லை. வழக்கில் ஜெயித்தால் வீட்டில் மாட்டிக்கொள்வார்.

[இங்கே ஒரு ஓட்டை. அதே அலுவலகத்தில் இருக்கும் சகலைக்கு இது தெரியாமலா இருக்கும்? தெரியும் என்று எழுதினால், இத்தனை வருடம் வாய் திறக்காத உத்தமராகிவிடுவார். கணக்கரால் அதை மட்டும் தாங்க முடியாது. எனவே, தெரியாது.]

4

விசாரணைக்கு அக்காவும் தங்கையும் வந்து கடைசி பெஞ்சில் ஒன்றாக உட்கார்ந்தார்கள். சகலையின் வக்கீல் எழுந்து, சகலையைக் காட்டிக் கணக்கரைக் கேட்டார்.

"வீட்ல இவரை எப்படிக் கூப்பிடுவீங்க?"

"அண்ணேன்னு."

"மூத்தவரைத்தானே அண்ணேன்னு கூப்பிடுவோம்?"

"அது முறைக்குக் கூப்பிடுறதுங்க."

"எப்பவாச்சும் பேர் சொல்லிக் கூப்பிட்டிருக்கீங்களா?"

"மனசுக்குள்ளங்க."

தீர்ப்பாயத் தலைவர் கண்ணாடியை இறக்கிப் பார்த்தார். "அவரைவிட உங்களுக்கு வயசு கூடவா? பார்த்தா தெரியலையே."

கணக்கரின் முகம் மலர்ந்தது. "நன்றிங்கய்யா."

"பாராட்டலை, கேக்குறேன். நீங்க பெரியவரா, அவரா?"

கணக்கர் திரும்பிப் பார்த்தார். மனைவி நன்றாகக் கேட்பதற்காக முன்னால் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள்.

5

முதல் முடிவு: "நான்தாங்க" என்கிறார். நாற்காலி கிடைக்கிறது. வீட்டில் யாரும் அவரோடு பேசுவதில்லை. பேசினாலும் "வயசானவரு, விடு" என்று தங்களுக்குள்.

இரண்டாம் முடிவு: "அண்ணேதான்" என்கிறார். மானம் தப்புகிறது. இனி சகலை சுற்றுவார், இவர் கோப்பைப் பிடித்துக்கொண்டு அந்தச் சுற்று முடியும்வரை எதிரே...

மூன்றாம் முடிவு: மனைவி எழுந்து, "எனக்கு அப்பவே தெரியும், சும்மா சொல்லுங்க" என்கிறாள். அழகாகத்தான் இருக்கிறது. அதனாலேயே எனக்கு நம்பிக்கை இல்லை.

உண்மையில் என்ன சொன்னார் என்று எனக்குத் தெரியாது. அதற்குள் கழிப்பறை வரிசையில் அந்த வக்கீலின் முறை வந்துவிட்டது. உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். மூன்றில் உங்களுக்குப் பிடித்ததை எடுத்துக்கொள்ளுங்கள். எதை எடுத்தாலும் ஒன்றை மட்டும் மாற்ற முடியாது. தான் மூத்தவர் என்று நிரூபிக்க வந்தவர் காலையில் தலைக்குச் சாயம் பூசியிருந்தார். அது வேர்வையில் கரைந்து, வெள்ளைச் சட்டையின் காலர் முழுக்கக் கறுத்திருந்தது.