வெல்டரின் இரண்டாவது சாவு

புருஷனின் சாவு வீட்டில் தன்னால் அழ முடியுமா என்பதுதான் அன்று காலை அவளுக்கு இருந்த பயம். அவன் உயிரோடு இருப்பது அந்தக் கூட்டத்தில் அவளுக்கும் இன்னும் இரண்டு பேருக்கும் மட்டுமே தெரியும். மூடிய பெட்டிக்குள் கிடந்தது யாரோ ஒரு மனிதன். ஆனால் ஒன்பது வயது மகள் ஓடிவந்து பெட்டியின் மேல் கவிழ்ந்து, "எழுந்திருப்பா" என்றபோது அடிவயிற்றிலிருந்து அழுகை பீறிட்டது. அதில் நடிப்பு எதுவும் இல்லை. அக்கா அவளைத் தாங்கிப் பிடித்துக்கொண்டாள். இந்த வயசில் இப்படி ஒரு இடியா என்று அக்கம்பக்கத்துப் பெண்கள் கண்ணைத் துடைத்தார்கள்.

அவன் வெல்டர். கேட், ஜன்னல் கம்பி, மாடிப்படிக் கைப்பிடி என்று எதைக் கொடுத்தாலும் சுத்தமாகச் செய்து தருவான். எரிவாயு சிலிண்டர்களை ஏற்றிக்கொண்டு ஊரெல்லாம் சுற்ற ஒரு பழைய வேன் வைத்திருந்தான். பள்ளிக்கூடத்திலிருந்து கூடவே வளர்ந்த இரண்டு பேர்தான் அவனுக்கு நண்பர்கள். ஒருவன் ஆஸ்பத்திரிப் பிணவறையில் வேலை பார்த்தான். அவனுக்கு நண்பர்கள் வைத்த பெயர் டாக்டர். "இவன் பார்த்த பேஷண்ட் ஒருத்தன்கூட இதுவரைக்கும் குறை சொன்னதில்ல" என்று வெல்டர் அடிக்கடி கிண்டல் செய்வான். இன்னொருவனுக்கு மந்திரி என்று பெயர். சின்ன வயதிலேயே எல்லோருக்கும் எல்லாம் செய்து தருவதாக வாக்குக் கொடுத்துப் பழகியவன். வண்டிப் பதிவு அலுவலகத்துக்கு எதிரே சின்னக் கடை போட்டு, ஆவணம் தயார் செய்வது, இன்சூரன்ஸ் எடுத்துக் கொடுப்பது என்று பிழைத்தான். வெல்டருக்கு ஆயுள் காப்பீடு எடுத்துக் கொடுத்தவனும் அவன்தான். அப்போது யார் மனதிலும் எந்தக் கள்ளமும் இல்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மூவரும் சினிமாவுக்குப் போய்விட்டு வெல்டரின் வீட்டுக்கு வந்தார்கள். தெலுங்கில் ஓடி, பிறகு தமிழில் எடுத்த கொலைப்படம். கூட்டாளிகள் ஒரு பெரிய தொகைக்காக ஒருவனை ஒருவன் தீர்த்துக்கட்டுகிற கதை. அவள் காபி கலந்து கொடுத்தாள். மந்திரி டம்ளரை வாங்கிக்கொண்டே சொன்னான்:

"அவனுங்க மாட்டினதுக்குக் காரணம் பேராசை இல்ல தங்கச்சி. ஒருத்தன ஒருத்தன் நம்பல. அவ்வளவுதான்."

அன்று அது வெறும் பேச்சாகத்தான் இருந்தது. அடுத்த வாரம் மறுபடி அதே பேச்சு வந்தது. தேடி வர ஆளில்லாத உடல்கள் பிணவறைக்கு வருவதும் போவதும் யாருக்கும் கணக்கில்லை என்றான் டாக்டர். சிலிண்டர் வெடித்து வேன் எரிந்தால் அடையாளம் சொல்ல ஒன்றும் மிஞ்சாது என்றான் வெல்டர். மனைவி ஒரு கைக்கடிகாரத்தைப் பார்த்து அடையாளம் சொன்னால் போதும் என்றான் மந்திரி. சிரிப்பாக ஆரம்பித்தது மெல்ல மெல்லத் திட்டமானது. கடைசியில் அவளிடம் கேட்டார்கள்.

அவள் மாட்டேன் என்று சொல்லியிருக்கலாம். இரண்டு குடும்பங்களுக்குப் பொதுவான குளியலறையின் வாசலில் வாளியோடு காத்திருந்து காத்திருந்து அவளுக்கு அலுத்திருந்தது. தனக்கென்று ஒரு வீடு, உள்ளே தாழ்ப்பாள் போட்டுக்கொள்ள ஒரு கதவு, வேறு ஊரில் வேறு பெயரில் புருஷனோடு ஒரு வாழ்க்கை. மகளுக்கு மட்டும் ஒரு வருடம் போனதும் பக்குவமாகச் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தாள். ஒரு நாள் யோசித்துவிட்டுச் சரி என்றாள்.

எல்லாம் நினைத்தபடியே நடந்தது. ஊருக்கு வெளியே வேன் எரிந்தது. கருகிய கடிகாரத்தை அவள் பார்த்துத் தலையாட்டினாள். யாருக்கும் சந்தேகம் வரவில்லை.

மூடிக்கிடந்த ஒரு அச்சகத்தின் மாடி அறையில் வெல்டர் ஒளிந்திருந்தான். சாப்பாடு கொண்டுபோவது டாக்டரின் வேலை. திரைச்சீலை தைக்கும் கடையில் அவளுக்கு வேலை. மதியம் மற்றவர்கள் சாப்பிடப் போனதும், தையல் மெஷினுக்குப் பக்கத்தில் குனிந்து உட்கார்ந்து அவனோடு போனில் பேசுவாள். போகப் போக அவன் குரல் மாறியது. ஜன்னலைத் திறக்கக்கூடாது, விளக்குப் போடக்கூடாது, நடந்தால் சத்தம் கேட்கக்கூடாது. சாப்பாடு ஆறிப்போய் வருகிறது, சில நாள் வருவதே இல்லை என்றான்.

"செத்தவனுக்குக்கூடப் பசிக்குமாடான்னு சிரிச்சுக்கிட்டே கேக்குறான்டி அந்த டாக்டரு."

ஒவ்வொரு முறையும் போனை வைப்பதற்கு முன், "பாப்பா சாப்பிட்டாளா?" என்று கேட்பான். சாப்பிட்டாள் என்றே அவளும் சொல்வாள். மகள் சரியாகச் சாப்பிடுவதில்லை, தூக்கத்தில் அப்பா என்று எழுந்து உட்காருகிறாள் என்பதையெல்லாம் அவனிடம் சொல்லவில்லை.

காப்பீட்டுப் பணம் அவள் பெயருக்கு வந்தது. மூன்று பங்கு என்பது பழைய பேச்சு. ஆனால் இருட்டறையில் கிடந்தவனுக்குக் கணக்கு வேறாகத் தெரிந்தது. "செத்தவன் நான்தானே? எனக்குப் பாதி வேணும். நான் வெளிய வர்ற வரைக்கும் எவனுக்கும் ஒத்தைக் காசு குடுக்காத" என்றான். வங்கி வாசலில் காத்திருந்த மந்திரியிடம் அவள் அதை அப்படியே சொல்லிவிட்டாள். மறைக்க வேண்டும் என்றுகூட அவளுக்குத் தோன்றவில்லை. சொந்த அண்ணன் மாதிரிப் பழகியவன். மந்திரி கோபப்படவில்லை. "அதுவும் நியாயந்தான் தங்கச்சி. நான் அவன்கிட்ட பேசிக்கிறேன்" என்று சொல்லிவிட்டு, வண்டியைத் தள்ளிக்கொண்டு போனான்.

மறுநாள் அவளுடைய போன் அடித்தது. வெல்டரின் குரல்தான். "பேசி முடிச்சாச்சு. அவங்க பங்கைக் குடுத்துடு" என்றான். எழுதி வைத்ததைப் படிப்பது போல இருந்தது. ஏன் ஒரு மாதிரி இருக்கிறாய் என்று கேட்பதற்குள் போன் நின்றது. பாப்பாவைப் பற்றிக் கேட்கவில்லை. அது அவளை உறுத்தியது. ஆனாலும் மந்திரி வந்து நின்றபோது பணத்தைக் கொடுத்தாள்.

அதன் பிறகு வெல்டரின் போன் வரவே இல்லை. மந்திரியைக் கேட்டால், வேறு ஊருக்கு அனுப்பியிருக்கிறேன், புது போன் வாங்கியதும் அவனே பேசுவான் என்றான். டாக்டர் போனை எடுக்கவே இல்லை. ஒரு மதியம் அரை நாள் விடுப்புச் சொல்லிவிட்டு அவள் அச்சகத்துக்குப் போனாள். பின்பக்கத்துக் கதவு பூட்டாமல் இருந்தது. மாடி அறை காலியாகக் கிடந்தது. தரையைப் பினாயில் ஊற்றிக் கழுவியிருந்தார்கள். ஒரு சுவருக்கு மட்டும், அதுவும் இடுப்பு உயரத்துக்கு மட்டும், புதுசாகச் சுண்ணாம்பு அடித்திருந்தது. கை வைத்துப் பார்த்தாள். வெள்ளை ஒட்டிக்கொண்டது. அதைச் சேலையில் துடைத்துக்கொண்டு படியிறங்கினாள்.

அங்கிருந்து நேரே டாக்டரின் வீட்டுக்குப் போனாள். அவன் பட்டப்பகலில் குடித்துவிட்டுக் கட்டிலில் கிடந்தான். அவளைப் பார்த்ததும் எழுந்து, பெண்டாட்டியை வெளியே அனுப்பிக் கதவைச் சாத்தினான். அவள் ஒன்றும் கேட்காமலே சொல்லத் தொடங்கினான். பாதிப் பங்கு கேட்டதும் வாய்ச்சண்டை வந்ததாம். சம்மதிக்காவிட்டால் வெளியே வந்து எல்லாவற்றையும் உளறிவிடுவேன் என்று வெல்டர் சொன்னானாம். மந்திரி அவனை அடித்துக் கட்டிப்போட்டுப் போனில் பேச வைத்தானாம். பணம் கைக்கு வந்த அன்றைக்குக் கம்பியால் முடித்துவிட்டானாம்.

"நான் கால்மாட்டுல நின்னேன். பிடிச்சுக்கோன்னான், பிடிச்சுக்கிட்டேன்" என்றான் டாக்டர்.

"இப்ப எங்க இருக்காரு?"

 அவன் சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னான். "தேடி ஆள் வராத பொணத்தோட சேத்துட்டேன். ஆஸ்பத்திரிக்காரங்களே புதைச்சிட்டாங்க. பேர் தெரியாத ஆணுன்னு."

அவள் அவனை அடிக்கவில்லை, சபிக்கவும் இல்லை. எழுந்து வீட்டுக்கு வந்து, உலை வைத்து, மகளுக்குச் சோறு போட்டாள். அன்று அவளால் அழ முடியவில்லை. அவனுக்காக அழ வேண்டியதை எல்லாம் ஊர் முன்னால் ஏற்கெனவே அழுது முடித்திருந்தாள். இனி அழுதால் ஏன் என்று கேட்பார்கள்.

இரண்டு நாள் கழித்து மந்திரி வந்தான். டாக்டர் உளறியது அவனுக்குத் தெரிந்துவிட்டது. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்தான். மிரட்டுகிற ஆளைப் போலவே இல்லை.

"யார்கிட்ட போய் என்னன்னு சொல்வீங்க தங்கச்சி? அவன் செத்து நாளாச்சு. அது அவன்தான்னு சொன்னது நீங்க. பணம் வாங்கினதும் நீங்க. உள்ள போனா பாப்பாவ யாரு பார்ப்பா?" செம்பை அவளிடம் நீட்டினான். "எனக்கும் வருத்தந்தான். சின்ன வயசுலேருந்து ஒண்ணா ஒரே தட்டுல சாப்பிட்டவன்."

அவன் சொன்னதில் ஒரு வார்த்தைகூடப் பொய் இல்லை என்பதுதான் அவளைக் கொன்றது. வாயை மூடிக்கொண்டாள். வேலைக்குப் போனாள், வந்தாள். வங்கியில் இருந்த தன் பங்கைத் தொடவில்லை. இப்படியே இருந்துவிடலாம், மகள் வளர்ந்துவிடுவாள் என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டாள். ஊமை கண்ட கனவு போல எல்லாம் உள்ளேயே கிடக்கட்டும் என்று நினைத்தாள்.

மழை விட்ட ஒரு காலையில் மந்திரி கடைக்கு வந்தான். புது வீடு கட்டியிருந்தான். எல்லா ஜன்னல்களுக்கும் திரைச்சீலை வேண்டும், தைப்பது அவளாக இருக்க வேண்டும் என்று முதலாளியம்மாவிடம் கேட்டு வாங்கிக்கொண்டான். துணியை விரலால் நெருடிப் பார்த்தான். வெயில் உள்ளே வரக்கூடாது, உள்துணி வைத்துத் தைக்கச் சொன்னான். பாப்பா எப்படிப் படிக்கிறாள் என்று கேட்டு, மேஜையில் ஒரு சாக்லெட்டை வைத்துவிட்டுப் போனான்.

அவள் தைக்க உட்கார்ந்தாள். மடிப்புகளை எண்ணிப் பிடித்து ஊசி குத்தினாள். அடிமடிப்பு ஒரு நூல் கோணியிருந்தது. அதைப் பிரித்து நேராக்கினாள். இரண்டாவது துணியில் மறுபடி பிரித்தபோதுதான் தன் கை என்ன செய்கிறது என்று அவளுக்கு உறைத்தது. அவன் வீட்டு ஜன்னல் அழகாக இருக்க வேண்டும் என்று தன் கை பாடுபடுகிறது. யாரும் வற்புறுத்தவில்லை. இப்படித்தான் மீதி நாளும் போகும். கேட்டதைக் கொடுத்துக்கொண்டு, சொன்னதைத் தைத்துக்கொண்டு. மெஷினை நிறுத்திவிட்டு, துணியை அப்படியே விட்டுவிட்டு எழுந்தாள். முதலாளியம்மா எங்கே போகிறாய் என்று கேட்டபோது அவள் வாசலைத் தாண்டியிருந்தாள்.

முதலில் அக்காவிடம் போனாள். முழுவதையும் கேட்டு முடித்த அக்கா ஓங்கி ஒரு அறை விட்டாள். பிறகு சுவரில் சாய்ந்து உட்கார்ந்துகொண்டு, "அன்னைக்கு உன்னை நான் தாங்கிப் பிடிச்சிக்கிட்டிருந்தேனே. அதுவும் நடிப்பாடி?" என்று கேட்டாள். இல்லை என்றாள் இவள். அக்கா நம்பினாளா என்று தெரியவில்லை. ஆனால் மகளை வைத்துக்கொள்கிறேன் என்றாள்.

மகளிடம் சொல்வதுதான் எல்லாவற்றையும்விடக் கஷ்டமாக இருந்தது. பள்ளிக்கூடத்துப் பையைக் கழற்றக்கூட விடாமல் பக்கத்தில் உட்கார வைத்துச் சொன்னாள்.  அப்பா அப்போது சாகவில்லை என்று கேட்டதும் சிறுமியின் முகம் ஒரு கணம் மலர்ந்தது. அடுத்த வாக்கியத்தை எப்படிச் சொன்னோம் என்று அவளுக்கே பிறகு நினைவில்லை. எல்லாம் கேட்டுவிட்டு மகள் ஒன்றுதான் கேட்டாள்.

"அப்ப அந்தப் பெட்டிக்குள்ள இருந்தது யாரும்மா?"

அவளுக்குத் தெரியவில்லை. அவளோ மற்ற மூவரோ அதைப் பற்றி ஒரு முறைகூடப் பேசிக்கொண்டதில்லை.

போலீஸ் ஸ்டேஷனில் இன்ஸ்பெக்டர் கணினியைப் பார்த்துவிட்டு, புருஷன் போன துக்கத்தில் மனசு பேதலித்த பெண் என்று முடிவு செய்யப் பார்த்தார்.

"அவர்தான் வேன் எரிஞ்சு செத்துட்டாரேம்மா."

"அப்ப சாகல சார். அப்புறம்தான் செத்தாரு" என்றாள். "அதுக்கும் நான் காரணம். எழுதிக்கோங்க."

பேர் தெரியாதவர்களைப் புதைத்த இடத்தில் மண்ணைத் தோண்டினார்கள். இளம் வயதில் இரும்புத் தூண் விழுந்து உடைந்து, கோணலாகச் சேர்ந்த முன்கை எலும்பு அவனை அடையாளம் காட்டியது. பரிசோதனையும் அவன்தான் என்று உறுதி செய்தது. டாக்டர் முதல் நாளே எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டு சாட்சியாக மாறினான். மந்திரி கடைசி வரைக்கும் மறுத்தான். நீதிமன்றத்தில் அவளைப் பார்த்த போதெல்லாம், நலமா என்று கேட்பது போலத் தலையசைத்தான். அவனுக்கு ஆயுள் தண்டனை. அவளுக்கும் சில வருடங்கள் கிடைத்தன. மோசடிக்கும், கொலை தெரிந்தும் மறைத்ததற்கும். வக்கீல் மேல்முறையீடு செய்யலாம் என்றார். அவள் வேண்டாம் என்றுவிட்டாள். வேனில் எரிந்தவன் யார் என்று போலீஸ் விசாரித்துப் பார்த்தது. ஒன்றும் கிடைக்கவில்லை.

சிறையிலும் அவளுக்குத் தையல் வேலைதான் கொடுத்தார்கள். சீருடை, தலையணை உறை. அக்கா மாதம் ஒரு முறை தனியாகப் பார்க்க வந்தாள். பாப்பாவுக்குப் பரீட்சை, பாப்பாவுக்குச் சளி என்று ஒவ்வொரு முறையும் ஒரு காரணம் சொன்னாள். அவளும் துருவிக் கேட்கவில்லை. வெகு நாள் கழித்து ஒரு தடவை அக்காவுக்குப் பின்னால் மகள் நின்றாள். உயரமாகிவிட்டிருந்தாள். தலையை இழுத்துப் பின்னி, நகத்தையெல்லாம் ஒட்ட வெட்டியிருந்தாள்.

கண்ணாடிக்கு இந்தப் பக்கம் அவள் போனைக் கையில் எடுத்தாள். கேட்க நினைத்தது நிறைய இருந்தது. சாப்பிட்டாயா என்று மட்டும் வந்தது. மகள் தலையசைத்தாள். பிறந்ததிலிருந்து அம்மாவை நீ, வா, போ என்றே கூப்பிட்டு வளர்ந்த பிள்ளை. சிறிது நேரம் மேஜை விளிம்பைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுப் போனை வாயருகே கொண்டுபோனாள்.

"நீங்க எப்படி இருக்கீங்க?" என்று கேட்டாள்.