கச்சானுக்கு ஓர் எடுத்துக்காட்டு

1

"எம் புருஷன் செத்தானா இருக்கானான்னு கம்ப்யூட்டர்ல போட நீங்க யாரு டீச்சர்?"

"ஞானசௌந்தரி, மெதுவா. தெரு கேக்குது."

"கேக்கட்டும்! ஊருக்கே ஒலிபரப்புனது நீங்கதான? ஏளா, காதத் தீட்டிக்கிட்டு வந்து நின்னியே, அதுக்கா ஒனக்கு வாராவாரம் நண்டுக் கொழம்பு கொடுத்து விட்டேன்?"

இந்தக் கதை இப்படித்தான் பிறந்தது. என் வீட்டு வாசலில், காலை பத்து மணிக்கு, பால்காரர் உட்பட ஏழு பேர் முன்னிலையில். 'நீங்க' எந்த இடத்தில் 'நீ' ஆயிற்று என்று கவனித்தீர்களா? நானும் கவனித்தேன். திட்டு வாங்கிக்கொண்டிருக்கும்போதே கவனித்தேன். [இந்த வரியை அடித்துவிடலாமா? வேண்டாம். இருக்கட்டும்.]

2

முதலில் வேறு மாதிரி தொடங்கியிருந்தேன்: 'முத்துக்குளித்துறையில் அன்று அலைகள் வழக்கத்தைவிட'

நிறுத்திவிட்டேன். அலைகள் ஒன்றும் செய்யவில்லை. செய்ததெல்லாம் நான்.

ஞானசௌந்தரி பக்கத்து வீடு. எங்களுக்கு நடுவே ஒரே சுவர், அதுவும் மெலிசு. இருபது வருஷத்துக்கு முன் கைக்குழந்தையோடு தூத்துக்குடிக்கு வந்தாள். புருஷன் லூர்து கடலில் போய்விட்டான், வள்ளம் கவிழ்ந்தது என்றாள். தெரு நம்பியது. கடற்கரையில் இப்படிப்பட்ட சாவை யாரும் துருவிக் கேட்பதில்லை. [நான் கேட்டேன். உடல் கிடைத்ததா என்று இரண்டு முறை கேட்டேன்.] இறால் கம்பெனியில் தோலுரித்து மகள் ரெக்ஸ்லினைப் படிக்கவைத்தாள். ரெக்ஸ்லின் துறைமுகத்துப் பக்கம் ஷிப்பிங் ஆபீசில் வேலை பார்த்தாள். மணப்பாட்டு ஜெர்சனோடு கல்யாணம் நிச்சயமாகி, மாதா கோயிலில் இரண்டு ஞாயிறு கல்யாண ஓலை வாசித்தாகிவிட்டது. 'காலஞ்சென்ற லூர்துவின் மகள் ரெக்ஸ்லின்' என்று சாமியார் சபைமுன் படித்தார். தடை தெரிந்தவர்கள் சொல்லலாம் என்றார். யாரும் சொல்லவில்லை. மூன்றாம் ஓலைதான் பாக்கி.

3

இப்போது பாதிரியார் வரவேண்டும்.

நாசரேத்துக்காரி பெர்சி என் பழைய மாணவி, இப்போது கல்லூரி ஆசிரியை. நூற்றெழுபது வருஷத்துக்கு முன் இந்தக் கரையில் தங்கிய ஒரு வெள்ளைக்காரப் பாதிரியாரின் சொற்குறிப்பேடு அவள் கைக்கு வந்திருந்தது, படங்களாக. அதிலுள்ள சொற்களில் இன்றும் வாயில் புழங்குபவை எவை என்று பார்த்து, குரலோடு சேர்த்து இணையத்தில் அகராதியாகப் போடும் வேலை அவளுக்கு.

"டீச்சர், பேச்சப் பதிஞ்சு அனுப்புங்களேன், ஒங்களுக்குத் தெரியாத வீடா?" என்றாள். பாராட்டு என்றுதான் எடுத்துக்கொண்டேன்.

பாதிரியாரின் முறை எளிது. முன்ஷி சொல்லிக்கொடுக்கும் தமிழ் அவருக்குப் போதவில்லை. கிணற்றடிக்கு எதிரே நாற்காலி போட்டு, சண்டை வரும்வரை காத்திருப்பாராம். கோபத்தில் யாரும் திருத்திப் பேசுவதில்லை. ஒரு சொல், அதன் பொருள், கேட்ட வாக்கியம் என்று வரிசையாக எழுதியிருக்கிறார். பேசியவர் பெயர் மட்டும் எங்கேயும் கிடையாது.

'கச்சான்: மேற்குக் காற்று. எடுத்துக்காட்டு: கச்சானில் போனவன் வரலியே.' பக்கத்தில் பொடி எழுத்தில் ஆங்கிலக் குறிப்பு. பெர்சி தமிழில் சொன்னாள்: "அழுகை சற்று அடங்கியபின் அப்பெண்ணை மூன்று முறை சொல்லச் செய்தேன். இப்போது உச்சரிப்பு தெளிவு."

"கல்நெஞ்சன்" என்றேன். நன்றாக நினைவிருக்கிறது, நான்தான் சொன்னேன்.

4

ரெக்ஸ்லின் ஒரு சனிக்கிழமை மத்தியானம் எங்கேயோ போய்விட்டு வந்தாள். சுவருக்கு அப்பால் சத்தம் கிளம்பியது. போனில் பதிவைப் போட்டுச் சுவரோரம் வைத்தேன்.

"கச்சான் காத்துல வள்ளம் கவுந்து ஒங்கப்பன் செத்தான்னு இருவது வருஷமா ஊரெல்லாம் சொல்லிவச்சிருக்கேன். நீ கீழவைப்பார்ல அவன் குடும்பம் நடத்துத வீட்டு வாசல்ல போயி நின்னுட்டு வாரியா?"

"கல்யாணத்துக்கு வாங்கன்னு கூப்பிடத்தாம்மா போனேன்."

"செத்தவன எப்பிடிளா கூப்புடுவ?"

என் காதில் விழுந்தது ஒரே சொல். கச்சான்! பாதிரியாரின் சொல், இன்றும் உயிரோடு! துள்ளிக் குதிக்காத குறை. அந்தச் சொல்லைச் சுற்றி ஒரு குடும்பமே தலைகீழாகத் தொங்கிக்கொண்டிருந்தது என்பது, பெர்சிக்கு அனுப்பிவிட்டுக் காப்பி குடிக்கும்போதும் எனக்கு உறைக்கவில்லை. பாதிரியாருக்காவது அது அந்நிய மொழி. எனக்கு என்ன சாக்கு?

5

இரண்டாம் வரைவில் பழியைப் பெர்சிமேல் போட்டிருந்தேன். 'அவசரக்காரியான அந்த இளம் ஆசிரியை, கேட்டுப் பார்க்காமலேயே' என்று ஒரு நல்ல வாக்கியம். பெர்சி கேட்டுப் பார்த்தாள்.

"டீச்சர், இதுல குடும்ப விஷயம் மாதிரி இருக்கே. அவங்ககிட்ட கேட்டுட்டியளா?"

"கேட்டாச்சு. பேரையும் போடு" என்றேன். "வெள்ளைக்காரன்தான் பேரை முழுங்கிட்டான். நாமளும் முழுங்கலாமா?"

அவள் அனுப்பிய படிவத்தில் 'பேசியவர் சம்மதம்' என்ற கட்டத்தில் டிக் அடித்தது நான். 'ஞானசௌந்தரி, தூத்துக்குடி' என்று நிரப்பியதும் நான்தான். நீதி செய்கிறேன் என்று நெஞ்சு நிமிர்ந்தது.

[மூன்று வரைவுகளிலும் இந்தக் கட்டத்தைத் தாண்டித் தாண்டி எழுதிக்கொண்டிருந்தேன்.]

ஜெர்சனின் தங்கை பெர்சியிடம் படிக்கிறவள். அவள் அகராதியில் அந்தக் குரலைக் கேட்டு, வீட்டார் வாட்ஸ்அப் குழுவில் போட்டது வெள்ளிக்கிழமை. சனிக்கிழமை காலை பத்து மணிக்கு என் வாசலில் நடந்ததை முதலிலேயே சொல்லிவிட்டேன்.

6

முடிவு அ: மூன்றாம் ஓலை வாசிக்கப்படுகிறது, 'காலஞ்சென்ற' இல்லாமல். ஜெர்சனின் அம்மா ஞானசௌந்தரியின் கையைப் பிடித்து

பொய். எனக்குத் தூக்கம் வருவதற்காக எழுதியது.

முடிவு ஆ: அந்த ஞாயிறு, சி.எஸ்.ஐ. சபைக்காரியான நான் அவர்களுடைய கத்தோலிக்கக் கோயிலுக்குப் போய்க் கடைசி பெஞ்சில் உட்கார்ந்தேன். என்ன ஆகிறதென்று பார்க்கத்தான். இன்னும் புத்தி வரவில்லை. சாமியார் வேறு மூன்று ஜோடிகளின் ஓலையை வாசித்தார். ரெக்ஸ்லின் திரும்பி என்னைப் பார்த்தாள். முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு பீடத்தின் பக்கம் திரும்பினாள். எழுதிக்கொள்ள எனக்கு ஒரு சொல்லும் கிடைக்கவில்லை.

இது நடந்தது.

பிறகு ஒருநாள் மன்னிப்புக் கேட்கப் போனேன். இந்தக் கதையையும் கொண்டுபோனேன். ஞானசௌந்தரி முழுக்கக் கேட்டாள். பெயர்களை மாற்றச் சொன்னாள், மாற்றிவிட்டேன். [என் பெயரைப் போடவே இல்லை, பார்த்தீர்களா? பழக்கதோஷம்.] அப்புறம் ஒரே ஒரு வாக்கியம் சொன்னாள். சொல்லிவிட்டு, "இத எழுதக் கூடாது" என்றாள். அந்த வாக்கியம் இது:

[                                        ]

வாசலில் சண்டை நடந்த அன்றைக்கே பெர்சி அந்தக் குரலை அகராதியிலிருந்து நீக்கினாள். பிறகு அவள் கல்யாணமாகிக் கோயம்புத்தூர் போய்விட்டாள். ஜெர்சனுக்குத் தை மாதம் கல்யாணம், பெண்ணுக்கு ஊர் வேம்பார். ஞானசௌந்தரியும் ரெக்ஸ்லினும் வீட்டைக் காலிசெய்தார்கள். எங்கே போனார்கள், ரெக்ஸ்லினுக்குக் கல்யாணம் ஆயிற்றா, ஆனதென்றால் ஓலையில் அப்பா பெயருக்கு முன் என்ன வாசித்தார்கள் என்பதெல்லாம் எனக்குத் தெரியும். தெரிந்த ஒன்றைச் சொல்லாமல் இருப்பது எனக்கு இதுதான் முதல் தடவை. நீங்கள் உங்களுக்குத் தோன்றியபடி முடித்துக்கொள்ளுங்கள்.

அந்த வீட்டுக்கு விளாத்திகுளத்திலிருந்து புதிதாக ஒரு குடும்பம் வந்திருக்கிறது. எழுதும் மேசையை எதிர்ச் சுவரோரம் நகர்த்திப் போட்டுவிட்டேன். அந்தச் சுவரும் மெலிசு, அப்பால் இன்னொரு பக்கத்து வீடு, தேவமணி வீடு என்பது போட்டபிறகுதான் ஞாபகம் வந்தது.