மயிலம்மாள் நம்பர்

உறையூர் சூப்பர் மார்க்கெட்டில் கம்ப்யூட்டருக்குத் தெரியாமல் ஒரு கடுகு நகராது. துவரம் பருப்பு தீரப் போகிறது என்றால், ரேக் அடுக்குகிற ஆளுக்கு முன்னால் அது சென்னைக்குச் செய்தி அனுப்பிவிடும். எந்த கவுண்டரில் பில் வேகமாகப் போகிறது என்பதும் அதற்கு அத்துபடி. அப்பேர்ப்பட்ட கம்ப்யூட்டர்தான் இரண்டாம் கவுண்டர் ஜோதியைத் திருடி என்று காட்டிக் கொடுத்தது.

தலைமை அலுவலகத்திலிருந்து சித்தார்த்தன் என்கிற அதிகாரி வந்து, ஜோதியின் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்தார். மடியில் லேப்டாப்.

"உங்க கவுண்டர்ல நாள் முழுக்க ஒரே போன் நம்பருக்குத்தான் பாயிண்ட் ஏறுதும்மா. யாரு நம்பர் அது?"

நம்பர் சொல்லிப் பொருள் வாங்கினால் பாயிண்ட் சேரும். நிறையச் சேர்ந்தால் குக்கரோ மிக்ஸியோ இனாம். நம்பர் சொல்லாதவர் பில்லில் தங்கள் சொந்தக்காரர் நம்பரைத் தட்டிவிட்டு இனாமை வீட்டுக்குத் தூக்கிப்போகும் கில்லாடிகள் அங்கங்கே உண்டு. ஜோதியும் அந்த ரகம் என்பது கம்ப்யூட்டரின் தீர்ப்பு.

"கஸ்டமர் நம்பர்தாங்க சார்."

"வர்றவங்க எல்லாரும் ஒரே கஸ்டமரா? மதியத்துக்குள்ள உண்மையைச் சொல்லிடுங்க. இல்லன்னா நாளையிலேருந்து வேலைக்கு வர வேணாம்."

ஜோதி வாயைத் திறந்தால் வேலை நிலைக்கும், ஆனால் ஒரு தெருவின் பாயிண்ட் மொத்தமும் ரத்தாகும். அது பக்கத்துத் தெருவில் சீட்டு நடத்துகிற மயிலம்மாளின் நம்பர். ஒரு வீடு தனியாகச் சேர்த்தால், குக்கர் கிடைப்பதற்குள் பாயிண்ட் காலாவதியாகிவிடும் என்று கண்டுபிடித்த பெண்மணி சும்மா இருப்பாரா? தெரு முழுவதையும் தன் நம்பரையே சொல்ல வைத்து, இனாம் வந்தவுடன் குலுக்கிப் போட்டு, பெயர் வந்த வீட்டுக்குக் கொடுத்துக்கொண்டிருந்தார். மற்ற கவுண்டர்களில் நம்பர் முழுவதையும் ஒப்பிக்க வேண்டும். ஜோதிக்கு அது மனப்பாடம், பாதி சொல்வதற்குள் தட்டிவிடுவாள். அதனால் தெருவே அவளிடம்தான் வந்து நிற்கும்.

இன்று ஒருத்தரும் வராமல் இருக்கட்டும் என்று வெக்காளியம்மனை வேண்டிக்கொண்டாள். அம்மனுக்கு அன்று வேறு ஜோலி இருந்திருக்க வேண்டும். டயப்பர் பாக்கெட்டுடன் முதல் ஆளாக வஹீதா வந்து நின்றாள். ஜோதி கண்ணைச் சிமிட்டிச் சிமிட்டிக் காட்டினாள்.

"ஏம்மா, கண்ணுல தூசியா?" என்று அக்கறையாக விசாரித்துவிட்டு, "தொண்ணூத்தி நாலு, நாப்பத்தி மூணு..." என்று ஆரம்பித்தாள் வஹீதா.

அடுத்தது பிளேடு வாங்க வந்த பெரியண்ணன். அவர் பின்னால் பூனைத் தீனியோடு லின்சி. எல்லார் வாயிலும் அதே நம்பர். சித்தார்த்தன் எழுந்தே விட்டார்.

"இது உங்க நம்பராம்மா?"

"எங்க தெரு நம்பர் சார்" என்றாள் லின்சி, இதுகூடத் தெரியாதா என்கிற மாதிரி.

ஜோதி கண்ணை மூடிக்கொண்டாள். திறந்தபோது எதிரே மயிலம்மாளே நின்றுகொண்டிருந்தார், கையில் போனுடன்.

"நீங்க சென்னை ஆபீஸா தம்பி? நல்லதாப் போச்சு. குழந்தைக்கு அடுத்த சைஸ் டயப்பர் வாங்குங்கன்னு உங்க கம்ப்யூட்டர் எனக்கு மெசேஜ் அனுப்புது. ஷேவிங் பிளேடு தீர்ந்துருச்சாங்குது. எனக்கு அறுபது வயசாகுது, பூனையைக் கண்டாலே ஆகாது, பூனைத் தீனிக்குத் தள்ளுபடியாம். கொஞ்சம் சொல்லி வைங்க."

சித்தார்த்தன் சிரிப்பை அடக்கப் பார்த்தார், முடியவில்லை. சிரித்து முடித்ததும் விவரம் கேட்டார். மயிலம்மாள் ஒளிக்காமல் சொன்னார்.

"ஒரு குடும்பத்துக்கு ஒரு நம்பர்ங்கிறதுதாங்க விதி" என்றார் சித்தார்த்தன்.

"அதேதான். எங்க குடும்பம் கொஞ்சம் பெருசு."

சித்தார்த்தன் லேப்டாப்பில் தட்டினார். ஜோதி எட்டிப் பார்த்தாள். 'திருட்டு இல்லை. பெரிய குடும்பம்' என்றிருந்தது. அவளுக்குத் தாங்க முடியாத சந்தோஷம். கண் நிஜமாகவே கலங்கியது.

கிளம்புகிற நேரத்தில் அவர் ஸ்ரீரங்கத்திலிருக்கும் தங்கை வீட்டுக்குக் காபித்தூள் எடுத்துக்கொண்டு அவள் கவுண்டர் வரிசையிலேயே வந்து நின்றார்.

"போன் நம்பர் சொல்லுங்க சார்."

சித்தார்த்தன் கூரையைப் பார்த்தார். "தொண்ணூத்தி நாலு, நாப்பத்தி மூணு..."

ஜோதி தட்டி முடித்திருந்தாள்.

"குலுக்கல்ல உங்க பேரையும் போட்டுடறேன் தம்பி" என்றார் பின்னால் நின்ற மயிலம்மாள்.

"என் பேரு வேணாங்க. தங்கச்சி பேரைப் போடுங்க. அவ மிக்ஸி ரிப்பேரு."