பெனால்டிக்கு முதுகு காட்டுகிறவள்

1

இந்தக் கதை ஒரு காலி இருக்கையிலிருந்து கிடைத்தது. எல்லா டிக்கெட்டும் தீர்ந்துபோன கால்பந்து ஆட்டம். எனக்கு முன் வரிசையில் ஒரே ஒரு இடம் மட்டும் காலி. அதன்மேல் பக்கத்து இருக்கைக்காரன் ரூலோஃப் தன் மஞ்சள் ஸ்கார்ஃபை விரித்து வைத்திருந்தான். நானும் ஆட்டம் பார்க்கத்தான் போனேன். கண் அந்த ஸ்கார்ஃபை விட்டு நகரவில்லை.

முதல் வரி இப்படி வந்தது: 'வெஸ்டர்டீப் நகரத்தின்மேல் ஆகஸ்ட் மாலை மெல்லக் கவிந்தபோது, கால்வாயில்—'

வேண்டாம். மாலை அதன் பாட்டுக்குக் கவியட்டும். ரூலோஃப் அதைப் பார்க்கவே இல்லை.

2

ரூலோஃபுக்குக் கால்வாய்ப் பாலத்தைத் தூக்கி இறக்குகிற வேலை. (முதலில் பல் மருத்துவர் என்றுதான் எழுதினேன். அவர்கள் வாயைத் திறந்தபடி பதில் பேச முடியாதவர்களிடமே பேசிப் பழகியவர்கள். அப்படியொரு ஆள் பக்கத்து இருக்கைப் பெண்ணிடம் எப்போதோ எல்லாவற்றையும் கொட்டியிருப்பான். அடித்துவிட்டேன்.)

காலி இருக்கை ஹில்லியுடையது. எட்டு வருடமாக இருவருக்கும் பக்கத்துப் பக்கத்து சீசன் டிக்கெட், லீக் ஆட்டம் எல்லாவற்றுக்கும் அதே இருக்கை. அவள் குடும்பப் பெயர் அவனுக்குத் தெரியாது. தெரு தெரியாது, போன் நம்பர் தெரியாது. இங்கே இருக்கைப் பழக்கம் அப்படித்தான்: வாசலைத் தாண்டினால் அவரவர் சைக்கிள், அவரவர் வழி. அதற்குமேல் கேட்டால் ஒரு மாதிரி பார்ப்பார்கள்.

அவனுக்குத் தெரிந்தது இரண்டே விஷயம். ஆட்டம் சூடு பிடிக்கும்போது உப்பு அதிமதுர மிட்டாய் ஒன்றை அவன் கையில் வைப்பாள். பெனால்டி என்றால் மைதானத்துக்கு முதுகைக் காட்டித் திரும்பிக்கொள்வாள். பந்தைப் பார்க்க மாட்டாள், அவன் முகத்தைப் பார்ப்பாள். கோலா இல்லையா என்பதை அங்கேதான் படிப்பாள்.

யோசித்துப் பாருங்கள். ஒரு பெண் உங்கள் முகத்தை மட்டுமே பார்க்கிறாள். நீங்கள் பந்தைப் பார்த்தே ஆகவேண்டும்.

3

போன சீசனைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கோப்பைப் போட்டியில் ஒரு கிராமத்து அமெச்சூர் அணியிடம் தோற்று மானம் போனது. லீக்கில் பனிக்காலம் முழுக்க டிரா. பிறகு எப்படியோ எழுந்து, மே மாதம் ஐரோப்பியப் போட்டி இடத்துக்கான கடைசி ஆட்டம் வரை வந்துவிட்டோம். அதில் ஒரு பெனால்டி. ஹில்லி அவன் முகத்தைப் பார்த்தாள், அது மலர்ந்தது, கட்டிப் பிடித்துக்கொண்டாள்.

"காபி குடிக்கப் போலாமா" என்று கேட்க அவன் வாயெடுத்தான். அவள் முந்திக்கொண்டாள்.

"சம்மர் பூரா கேரவன்ல பிரான்ஸ் சுத்தப்போறேன். ஆகஸ்ட்ல ஐரோப்பா ஆட்டத்துல பாப்போம். என் எடத்த எவனுக்கும் விட்டுராத, என்ன?"

இதை அவன் விளையாட்டாக எடுத்துக்கொள்ளவில்லை. பிசகு அங்கேதான் ஆரம்பித்தது.

4

ஐரோப்பிய ஆட்டத்துக்கு சீசன் டிக்கெட் செல்லாது. போன சீசனில் நீங்கள் உட்கார்ந்த இருக்கையைக் கொஞ்ச நாள் உங்களுக்கென்று வைத்திருப்பார்கள், அதற்குள் வாங்கவேண்டும். கெடு தாண்டினால் யாரும் வாங்கலாம். ரூலோஃப் பாலத்துக் கூண்டில் உட்கார்ந்து தினமும் போனில் பார்த்தான். ஹில்லி வாங்கவில்லை. கெடு முடிந்தது. எவனோ ஒருவன் அங்கே வந்து உட்காருவதை நினைக்கவே அவனுக்குப் பிடிக்கவில்லை. அதையும் தானே வாங்கிவிட்டான்.

என் பக்கத்தில் உட்காரும் பெர்ட்டுஸுக்கு இது தெரிந்ததும் சும்மா இருப்பாரா. "ஏம்ப்பா, உன் ஸ்கார்ஃபுக்கு மிட்டாய் கிட்டாய் வாங்கிக் குடுத்தியா? பாவம், வாடிப்போய்க் கெடக்கு."

ரூலோஃப் சிரிக்கவில்லை. வாசல் பக்கம் திரும்பித் திரும்பிப் பார்த்தான்.

5

செக் அணியின் ஊரில் நடந்த முதல் ஆட்டத்தில் ஒரு கோலில் தோற்றிருந்தோம்; இரண்டு ஆட்டத்தையும் கூட்டித்தான் முடிவு. இங்கே ஒரு கோல் போட்டுச் சரிக்கட்டியாயிற்று. கூடுதல் நேரமும் முடியப்போகும்போது நமக்குப் பெனால்டி.

ரூலோஃபின் கண் பழக்கத்தில் இடப்பக்கம் போனது. ஸ்கார்ஃப். நிமிர்ந்தான். மைதானத்துக்கு அந்தப் பக்கம், எதிர் ஸ்டாண்டில், அத்தனை முகங்களுக்கு நடுவே ஒரே ஒரு முதுகு.

அவனுக்குப் புரிய ஒரு நொடி பிடித்தது. "நாந்தான் வாங்கித் தொலச்சேன்... அவ லேட்டா பாத்திருக்கா. எடம் போயிருச்சுன்னு அந்தப் பக்கம் வாங்கியிருக்கா" என்றான். பெர்ட்டுஸ் முன்னால் குனிந்து, கசங்கிக் கிடந்த ஸ்கார்ஃபை நேராக்கி விரித்தார்.

6

முடிவு ஒன்று: கோல் விழுகிறது, ரூலோஃப் சுற்றி ஓடுகிறான். (முடியாது. நடுவில் பூட்டிய கம்பி வேலி.)

முடிவு இரண்டு: சைக்கிள் நிறுத்தத்தில் காத்திருக்கிறான், கடைசிச் சைக்கிளாக அவளுடையது— (அவள் சைக்கிளில்தான் வருவாள் என்று யார் சொன்னது?)

முடிவு மூன்று: அடுத்த ஞாயிறு லீக் ஆட்டம். சீசன் டிக்கெட் செல்லும், அவள் வந்து உட்கார்ந்து— (இந்த சீசனுக்கு அவள் டிக்கெட்டைப் புதுப்பித்தாளா என்பது எனக்குத் தெரியாது.)

தெரிந்தது இவ்வளவுதான். நம் ஆள் பந்தை வைத்துவிட்டுப் பின்னால் நடக்கிறான். ரூலோஃப் முதல்முறையாகப் பந்தைப் பார்க்கவில்லை. அந்த முதுகைப் பார்க்கிறான். அதனால் கோலா இல்லையா என்று அவனைக் கேட்டுப் பயனில்லை.

ஹில்லி மைதானத்துக்கு முதுகைக் காட்டி, பழக்கமில்லாத முகங்களில் எதையோ தேடுகிறாள். அவளுக்கு நேர் எதிரே இப்போது இருப்பது நீங்கள். உங்கள் முகத்தைத்தான் பார்க்கிறாள்.

பந்து இருக்கட்டும். அந்த இடம் இன்னும் காலியாகத்தான் இருக்கிறது என்று அவளுக்கு எப்படிச் சொல்வீர்கள்?