உங்களுக்கா, கொடுப்பதற்கா?

ஒரு வருட உயிருக்கு எட்டே முக்கால் லட்சம் என்று விலை வைத்தவன் தம்பிதான். பொருளாதார நிபுணன். ஏறிக்கொண்டே போகும் மருத்துவச் செலவுக்குக் கடிவாளம் போடும் வேலையை அரசு அவன் தலையில் கட்டியிருந்தது. அந்த விலைக்கு மேல் இழுக்கும் சிகிச்சைக்கு அரசு பணம் தராது. "மணிக்கு நூறுகூடத் தேறலையேடா, தூங்குற நேரத்தையும் சேர்த்தா?" என்று துணிக்கடை வைத்திருந்த அவனுடைய அண்ணன் அன்றைக்கே மனக்கணக்கில் வகுத்துக் கேலி செய்தார்.

அந்தத் தம்பி இப்போது கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம் நினைவில்லாமல் கிடந்தான். மூளையில் ரத்தக் கசிவு. விடிந்த கையோடு டாக்டரம்மா வெளியே வந்து சுற்றி வளைக்காமல் சொன்னார்: பிழைக்க வழியில்லை, மூச்சு இயந்திரம் வைத்தால் சில மணி நேரம் ஓடும். வைக்கும் முன் குடும்பத்தாரிடம் ஒரு கேள்வி கேட்டாக வேண்டும் என்பது விதி. தரையைப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"இது அவருக்கா, உங்களுக்கா?"

அண்ணனுக்கு அந்தக் கேள்வி புதிதில்லை. அது அவருடைய கடைக் கேள்வி. துணியைப் பிரித்துப் போடும் முன், "உங்களுக்கா, குடுக்கிறதுக்கா?" என்று கேட்டுவிடுவார். தனக்கு வாங்குகிறவர்கள் அஞ்சுக்கும் பத்துக்கும் மல்லுக்கு நிற்பார்கள். கொடுக்க வாங்குகிறவர்கள் விலை கேட்கவே கூச்சப்படுவார்கள். கல்லாப் பக்கத்தில் உட்கார்ந்து இதைக் கேட்டுச் சிரித்த தம்பி, அதையே கொஞ்சம் திருப்பி விதிக்குள் நுழைத்துவிட்டான். கடைசி நாட்களில் கொட்டுகிற பணத்தில் பாதி படுத்திருப்பவனுக்கு இல்லை, வெளியே நிற்பவர்களுக்குத்தான் என்பான்.

"நீங்களே சொல்லுங்க மாமா," என்றாள் தம்பி மனைவி. "அவர் இருந்தா வேணாம்னுதான் சொல்லியிருப்பாரு. எனக்கு வாய் வரல." இருந்தா என்று சொல்லிவிட்டது அப்புறம்தான் உறைத்து, வாயைப் பொத்திக்கொண்டாள்.

எந்த விலைக்கும் கட்டுபடியாகாது என்று சொல்லியே தேய்ந்த நாக்கு அண்ணனுடையது. அந்த ஒரு வார்த்தை போதும். தம்பியின் பேச்சைக் காப்பாற்றியதாக ஆகிவிடும். கண்ணாடி வழியே பார்த்தார். போர்வைக்கு வெளியே தம்பியின் ஒரு கால் நீட்டிக்கொண்டிருந்தது. சின்ன வயதிலிருந்தே போர்வை தங்காத கால்.

"எங்களுக்குத்தாம்மா," என்றார். "வைங்க."

உள்ளே விட்டதும் முதல் வேலையாகப் போர்வையை இழுத்து மூடினார். அதற்கப்புறம் செய்ய எதுவும் இல்லை. இயந்திரம் தள்ளத் தள்ள மார்பு ஏறி இறங்கியது. சாயங்காலம் இதயம் நின்றது. நர்ஸ் வந்து சுவிட்சை அணைக்கும்வரை மார்பு மட்டும் ஏறி இறங்கிக்கொண்டிருந்தது.

பணம் கட்டுமிடத்தில் இருந்தவர் இயந்திரத்துக்கு மட்டும் ஒரு லட்சத்து நாற்பதாயிரம் என்றார். இதற்கு அரசு தராது என்றவர், பேரத்தை எதிர்பார்த்தவர்போல, மேலே கேட்டால் கொஞ்சம் குறைப்பார்கள் என்றும் சொல்லிப் பார்த்தார். அண்ணன் வேண்டாம் என்று தலையசைத்தார். தனக்கு வாங்கியதற்கு அவர் பேரம் பேசாதது இதுதான் முதல்தடவை.

"பில்லு பேஷண்ட் பேருக்குத்தானே சார்?"

"என் பேருக்குப் போடுங்க."

நோட்டுகளை எண்ணத் தொடங்கினார். கேட்காமலே மனக்கணக்கு இன்னொரு பக்கம் ஓடியது. பதினொரு மணி நேரம், மணிக்கு நூறு. தம்பிக்கு ஆயிரத்து நூறு. மீதி ஒரு லட்சத்து முப்பத்தெட்டாயிரத்துத் தொள்ளாயிரம், அவருக்கு.