மூடுமீன் வேகும் வீடு

எங்கள் கரையில் மூடுமீன் வேகும் வீட்டில், அது வெந்து முடியும்வரை ஒருவர் குறைவாகவே இருப்பார். குறைந்தவர் எங்கே போகிறார் என்று யாரும் கேட்பதில்லை. மேலே பூசிய கிழங்கை உடைத்ததும் அவர் திரும்பி வந்து, கை கழுவிவிட்டுச் சாப்பிட உட்காருவார்.

மூடுமீன் அயர்லாந்துப் பண்டம். கன்னியர் மடத்தில் சமையல் கற்பித்த அந்நாட்டுச் சகோதரி ஒருவர் எங்கள் பெண்களுக்கு வாய்வழியாகச் சொல்லிக்கொடுத்தது. சீலா மீனைப் பாலில் வேகவைத்து முள் நீக்க வேண்டும். வெண்ணெயில் மைதாவை வதக்கி, மீன் வெந்த பாலையே அதில் ஊற்றிக் கெட்டியாக்கி, மீன்மேல் விட வேண்டும். பிறகு மசித்த உருளைக்கிழங்கால் இண்டு இடுக்கில்லாமல் மூடி, முள்கரண்டியால் மேலே கீறி, ஓவனில் வைக்க வேண்டும். இதுவரை கரை முழுவதும் ஒரே வழக்கு.

கிழங்கை உடைக்கும் முறையில்தான் வழக்குகள் பிரிகின்றன. ஓய்வுபெற்ற பின் நான் அவற்றைத் திரட்டினேன். வடக்கே உள்ளவர்கள் கரண்டியின் முதுகால் உடைத்து, போனவரின் பெயரைச் சொல்வார்கள். தெற்கே பெயர் சொல்லலாகாது. வெறுங்கையால் கிழங்கைத் தூக்க வேண்டும். தீவுக்காரர்கள் உடைப்பதே இல்லை. கதவைத் தட்டுவதுபோல் விரலால் தட்டிவிட்டுக் காத்திருப்பார்கள். கிழங்கு தானே விரியும். அவரவர் வழக்கு அவரவர் வீட்டில் பலிக்கிறது. ஒரு வீட்டின் வழக்கை மற்றொரு வீட்டில் செய்து பார்த்ததாக எவரும் எனக்குச் சொல்லவில்லை. என் மனைவி செலஸ்தீனின் வழக்கை நான் கேட்டதில்லை, அவள் உடைக்கும்போது அருகில் நின்று பார்த்ததுமில்லை. ஆய்வாளன் தன் வீட்டாரைத் தகவலாளராகக் கொள்வது முறையன்று.

கிழங்கு கருகுமுன் உடைத்தாக வேண்டும். எதிர்வீட்டு மத்தில்டா அம்மாள் ஒருமுறை ஜெபமாலை சொல்லிக்கொண்டே கண்ணயர்ந்துவிட்டார். அவர் கணவர் இன்னும் வரவில்லை. அந்த ஓவனை அவர்கள் அதன்பின் அணைக்கவே இல்லை. தெருவில் போகிறவர்கள் அவ்வீட்டுச் சுவரில் கை வைப்பதில்லை, செங்கல் சுடும்.

கிழங்கைக் கீறியவர் போவதில்லை. வீட்டிலுள்ள மற்றவருள் ஒருவர் போவார். கீறுவது எப்போதும் செலஸ்தீன் என்பதால், நானோ எங்களுடன் வசிக்கும் அவள் தங்கை பிளேவியாவோதான் போய்வருவோம். நான் பலமுறை போயிருக்கிறேன். அதைப் பற்றிச் சொல்ல என்னிடம் ஒன்றுமில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை செலஸ்தீனுக்கு மணிக்கட்டு வீங்கியிருந்தது. "நீ கீறுட்டி," என்று முள்கரண்டியைத் தங்கையிடம் கொடுத்தாள். பிளேவியா கீறினாள், ஓவன் கதவைச் சாத்தினாள். செலஸ்தீன் பிடித்திருந்த ஈரத்துணி தரையில் விழுந்தது.

"அக்கா போயிட்டா," என்றபடி பிளேவியா துணியை எடுத்துப் பிழிந்து காயப்போட்டாள். பிறகு என்னைப் பார்த்தாள். "அப்போ உடைக்கிறது யாரு?"

"நாமதான்."

"எப்படி?"

"நீ பாத்திருப்பியே."

"நான் எங்க பாத்தேன்? ஒண்ணு நான் போயிருப்பேன். இல்ல, நீங்க போனதுதான் சாக்குன்னு தெருவுல வாயடிச்சிக்கிட்டு நின்னுருப்பேன்." அவள் இடுப்பில் கை ஊன்றினாள். "ஊர் ஊராப் போயி கண்டவ வாயெல்லாம் கிண்டுனீங்களே அத்தான், எங்கக்கா வாய மட்டும் ஏன் விட்டீங்க? பயமா?"

நான் ஓவன் கண்ணாடியருகே குனிந்தேன். கீறல்களின் முகடுகள் பொன்னிறமாகியிருந்தன. பார்த்துக்கொண்டிருக்கும்போதே அவற்றில் ஒன்று பழுப்பானது. வாசனை தெருவைக் கடந்திருக்க வேண்டும். மத்தில்டா அம்மாள் தம் ஜன்னலுக்கு வந்து மூக்கை உறிஞ்சினார்.

"செவந்துட்டு, சார். இதுக்கு மேல விடாதீங்க," என்று சொல்லிவிட்டுத் தம் ஓவனைப் பார்க்க உள்ளே போனார்.

"ஒண்ணச் சொல்லுங்க அத்தான். எது சரி?"

"மூணும் சரி."

"மூணும் சரின்னா அக்கா எதுல வருவா?"

நியாயமான கேள்வி. ஆனால் ஒரு வழக்கை ஏற்று மற்றதைத் தள்ளுவதற்கு ஆதாரம் வேண்டும். எங்களிடம் ஆதாரமும் இல்லை, அவகாசமும் இல்லை. பாத்திரத்தை எடுத்து மேசைமேல் வைத்தேன். அது சதுரமானது. வழக்குக்கு ஒரு மூலை என்று முடிவு செய்தேன்.

முதல் மூலையைக் கரண்டியால் உடைத்து, "செலஸ்தீன்" என்றேன். இரண்டாம் மூலையைப் பிளேவியா வெறுங்கையால் தூக்கினாள். உதட்டைக் கடித்துக்கொண்டாளே தவிரப் பெயரைச் சொல்லவில்லை. மூன்றாம் மூலையில் விரலால் தட்டிவிட்டுக் காத்திருந்தேன். கிழங்கு விரிந்து ஆவி வந்தது.

குளியலறையிலிருந்து செலஸ்தீன் வந்தாள். மாடியிலிருந்து, காய்ந்த துணிகளை மார்போடு அணைத்தபடி செலஸ்தீன் இறங்கினாள். வெளிக்கதவு கிறீச்சிட, தெருவிலிருந்து செருப்பை உதறிவிட்டுச் செலஸ்தீன் நுழைந்தாள். மூவரும் வரிசையில் நின்று கை கழுவினார்கள்.

பிளேவியா நாற்காலிகள் எடுத்து வரப் போனாள். நான் மூவரிடமும் ஒரே கேள்வியை, ஒரே தொனியில் கேட்டேன்: "நம்ம கல்யாணத்தன்னிக்கு மழை பெஞ்சுதா?"

"கொட்டுச்சே," என்றாள் முதலாமவள்.

"மழையா? மண்டையப் பொளக்குற வெயில்லா," என்றாள் இரண்டாமவள்.

மூன்றாமவள் சிரித்தாள். "எந்தக் கல்யாணம்? நான் இன்னும் சரின்னே சொல்லலியே."

மழை என்றும் வெயில் என்றும் இரண்டு விதமாகவும் நானே சொல்லி வந்திருக்கிறேன். மூன்றாவது பாடபேதம் எனக்குப் புதிது.

அப்போது பாத்திரத்தின் நான்காம் மூலையில், உடையாத கிழங்கின் அடியிலிருந்து இருமல் கேட்டது. பனிக்காலத்தில் அவளுக்கு வரும் அதே வறட்டு இருமல்.

"என்னங்க, உப்பு சரியா இருக்கா?"

மூவரும் என்னைப் பார்த்தார்கள்.

"சரியாத்தான் இருக்கு," என்று அந்த மூலைக்குக் குனிந்தேன். "செலஸ்தீன், இத எப்படி உடைக்கணும்?"

"வழக்கம்போலத்தான்."

"வழக்கம்னா?"

அடியிலிருந்து மறுபடி இருமல்தான் வந்தது. என்னிடம் நான்காவது வழக்கு இல்லை. மூன்றில் ஒன்றை மறுபடி செய்தால், அதில் வந்தவளே மறுபடி வருவாள். ஓவனுக்கு வெளியே, மேசைமேல், அந்த மூலை மட்டும் இன்னும் சிவந்துகொண்டிருந்தது. நான் அதன்மேல் விரல்களை வைத்தேன். அடியிலிருந்து அதே இடத்தில் ஏதோ அழுத்தியது. சூடு பொறுக்காமல் கையை எடுத்தேன்.

"ஆறிடப் போவுது, உக்காருங்க," என்று மூவரில் ஒருத்தி தன் தட்டை அந்த மூலையின்மேல் வைத்தாள். எவள் என்று இப்போது சொல்ல முடியவில்லை. தட்டு தூங்குபவரின் நெஞ்சைப்போல் உயர்ந்து தாழ்ந்தது.

பிளேவியா எல்லோருக்கும் பரிமாறினாள். வெந்த கையால் அந்தத் தட்டிலும் ஒரு துண்டு மீன் வைத்தாள். சற்று நேரத்தில் தட்டு காலியாக இருந்தது. இன்னொரு துண்டு வைத்தாள்.